நன்றாக விழுந்தவர்

விதி இது. துறை விசாரணையில் ஒரு சிறு பிள்ளையைச் சாட்சியாகக் கேட்க நேர்ந்தால், விசாரணை எதற்காக நடக்கிறது என்பது அந்தப் பிள்ளைக்கு விளங்கியிருக்கிறதா என்று விசாரிப்பவர் முதலில் சோதிக்க வேண்டும். விளங்கியிருக்கிறது என்று தம் கையால் எழுதி ஒப்பமிட்ட பிறகுதான் முதல் கேள்வியைக் கேட்க வேண்டும். முப்பத்து நான்கு ஆண்டுப் பணியில் இதை எத்தனையோ பேருக்குச் சுட்டிக்காட்டிக் கோப்பைத் திருப்பி அனுப்பியிருக்கிறேன். இந்த ஒரு விதியின் மேல் மட்டும் இந்த அதிகாரி அம்மாவுக்கு ஏன் இத்தனை பிடிவாதம் என்று அலுவலகத்தில் ஒருவரும் கேட்டதில்லை. ஓய்வூதியக்காரர்களாகிய நீங்கள் கேட்பீர்கள். உங்களுக்கு நேரம் இருக்கிறது.

சென்ற ஆண்டு குளியலறையில் வழுக்கி விழுந்தேன். பெரிய அடி இல்லை. ஆனால் நம் வயதில் விழுந்தால் அது குடும்பத்துக்கே ஒரு செய்தி. கே.கே. நகரில் இருக்கும் என் டாக்டர் படிவம் ஒன்றை எடுத்து நிரப்பத் தொடங்கினார். ஓராண்டில் எத்தனை முறை விழுந்தீர்கள்? விழுமுன் தலை சுற்றியதா? விழுந்தபின் தானாக எழ முடிந்ததா? ஒவ்வொன்றுக்கும் ஒரு கட்டம், கட்டத்துக்குள் ஒரு டிக். விழுவதற்கு இவ்வளவு மரியாதை கிடைக்கும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. எனக்குப் பத்து வயதில் என் கண்ணெதிரே ஒருவர் விழுந்தார். அன்று யாரும் எந்தக் கட்டத்திலும் டிக் போடவில்லை. ஒரு காலனியே சிரித்தது. எல்லாரையும்விடச் சத்தமாகச் சிரித்தது நான்.

மேற்கு மாம்பலத்தில் ரயில் பாதைக்கு இரண்டு தெரு தள்ளி இருந்தது எங்கள் காலனி. முழுக்க அரசாங்க குமாஸ்தாக்கள். நாற்பது வீடு, ஒரு கிணறு, நடுவில் புல் முளைக்காத ஒரு மைதானம். அந்தக் காலனிச் சங்கத்துக்குச் செயலாளர் என் அப்பா. அலுவலகத்தில் அவர் கண்காணிப்பாளர். வீட்டிலும் அதே பதவிதான். பால் திரிந்தால் அம்மா எத்தனை மணிக்குக் காய்ச்சினாள் என்று கேட்பார். வாயால் சொன்ன எதையும் அவர் காது வாங்காது. "எழுத்துல குடு" என்பதுதான் நான் அவர் வாயிலிருந்து அதிகம் கேட்ட வாக்கியம்.

அந்தக் கோடை விடுமுறையில் சங்கம் ஒரு துறைக்கு விண்ணப்பம் எழுதிப்போட்டது. அந்தத் துறையில் ஒரு படச்சுருள் நூலகம் இருந்தது. பதிவுபெற்ற சங்கம் எதுவானாலும் முத்திரை வைத்துக் கேட்டால், சனிக்கிழமை மாலைகளில் சின்ன புரொஜெக்டரையும் அதை ஓட்ட ஒரு ஆபரேட்டரையும் அனுப்புவார்கள். உரம் போடுவது எப்படி, கொசுவை ஒழிப்பது எப்படி என்ற படங்களைப் பார்த்து மக்கள் திருந்த வேண்டும் என்பது ஏற்பாடு. அந்த நூலகத்தில், வெள்ளைக்காரன் காலத்தில் யாரோ விட்டுப்போன பேசாப்பட டப்பாக்கள் ஏழோ எட்டோ இருந்தன. ஒவ்வொன்றும் பத்து நிமிடம் ஓடும். ஒருவன் வழுக்கி விழுவான், அவன் மேல் இன்னொருவன் விழுவான், இருவர் மேலும் மாவு மூட்டை விழும். பட்டியல் போட்ட குமாஸ்தா அவற்றைக் 'கல்வி' என்ற தலைப்பின் கீழ் சேர்த்திருந்தார். அந்தப் புண்ணியவான் படத்தைப் பார்க்காமலேயே பட்டியல் போட்டிருக்க வேண்டும். உரத்தோடு சேர்ந்து அவையும் எங்களுக்கு வந்தன.

ஆபரேட்டர் சைக்கிள் ரிக்‌ஷாவில் வருவார். புரொஜெக்டரைக் காலடியில் வைக்காமல் மடியில் வைத்துக்கொண்டு இரு கையாலும் அணைத்தபடி இறங்குவார். சாந்தோம் பக்கம் கடலோரக் குப்பத்துக்காரர். வயது முப்பத்தைந்து இருக்கலாம். ஒல்லியான உடம்பு, துறை கொடுத்த காக்கிச் சட்டை, எண்ணெய் தேய்த்துப் படிய வாரிய தலை. அவர் அப்பாவும் அண்ணன்களும் கட்டுமரக்காரர்கள்; மனைவி மாம்பலம் வரைக்கும் கூடையில் மீன் கொண்டுவந்து விற்பவர். இவர் மட்டும் எப்படி இந்த வேலைக்கு வந்தார் என்று ஒருநாள் கேட்டேன்.

"கடல்ல வுழுந்தா எவனும் சிரிக்க மாட்டான் பாப்பா," என்றார். "அதான் வந்துட்டேன்."

எட்டு வருடமாக அவர் தற்காலிகம். அந்த வருடம் அவர் பெயர் நிரந்தரப் பட்டியலில் ஏறியிருந்தது. ஆடி மாதத்துக்குள் உத்தரவு வந்துவிடும் என்று அவர் ஆபீசில் சொல்லியிருந்தார்கள். பேச்சுக்குப் பேச்சு அதுதான். "பர்மனென்ட் ஆவட்டும் பாப்பா, அப்பறம் பாரு இந்த ஆளு நடக்கிற நடைய." நிரந்தரமானால் என்ன செய்வார் என்பதற்கு ஒரு பட்டியல் வைத்திருந்தார். பெண்ணை இங்கிலீஷ் மீடியத்தில் சேர்ப்பது, மனைவியைக் கூடை தூக்க விடாமல் செய்வது, ஜுரம் வந்தால் தைரியமாக ஒருநாள் படுத்துக்கொள்வது. தற்காலிகக்காரருக்கு ஜுரம் வந்தால் அன்றைய சம்பளம் கிடையாது. இதெல்லாம் அப்போது எனக்குப் புரியவில்லை. பர்மனென்ட் என்றால் பரீட்சையில் தேறுவது மாதிரி, ஒரு அதிகாரி வந்து அவர் வேலையைப் பார்த்து மார்க் போடுவார் என்று நானாக நினைத்துக்கொண்டேன். இதைக் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

அந்தப் படங்களில் பேச்சு கிடையாது. நடுநடுவே இங்கிலீஷில் எழுத்து வரும். முதல் சனிக்கிழமை எழுத்து வந்ததும் ஆபரேட்டர் திரையைப் பார்த்தார், பிறகு கூட்டத்தைப் பார்த்தார். "யார்னா படிங்கப்பா, எனுக்கு இங்கிலீசுன்னா கண்ணு கட்டிக்கும்." நான் கான்வென்ட்டில் படித்தவள். எழுந்து நின்று படித்தேன். அன்றுமுதல் திரைக்குப் பக்கத்தில் ஒரு முக்காலி எனக்கு ஒதுக்கப்பட்டது. எழுத்து வந்தால் படித்துத் தமிழில் சொல்வது என் வேலை. 'மறுநாள்' என்ற எழுத்துதான் அடிக்கடி வரும். நான்காவது வாரத்தில் நான் வாயைத் திறக்குமுன்பே மைதானம் முழுவதும் "மறுநாள்!" என்று கத்தும். மாமிகள்கூடக் கத்துவார்கள். மறுநாள் என்ன ஆகும்? அதே ஆள் வேறு இடத்தில் விழுவான். அவ்வளவுதான்.

காலனிக்கு மிகவும் பிடித்தது ஏணிப் படம். ஒருவன் தோளில் நீளமான ஏணியைச் சுமந்துகொண்டு சுவரொட்டி ஒட்டப் போவான். யாரோ கூப்பிட்டார்கள் என்று திரும்புவான். ஏணியின் முன்முனை ஒரு போலீஸ்காரரின் தொப்பியைத் தட்டும், பின்முனை ஒரு சீமாட்டியைக் குழிக்குள் தள்ளும். கடைசியில் ஏணியை நட்டு மேலே ஏறுவான். பசை வாளியோடு உச்சியிலிருந்து விழுவான்.

திரை என்பது ஒரு வெள்ளை வேட்டி. மைதானத்து ஓரத்தில் இருந்த இரண்டு கம்பங்களுக்கு நடுவே அதைக் கட்ட வேண்டும். அதற்குச் சங்கத்தின் மூங்கில் ஏணி. ஆபரேட்டர் ஏறி வேட்டி நுனியைக் கட்டுவார். இறங்கும்போது, கீழிருந்து மூன்றாம் நாலாம் படியில் கால் தவறியதுபோல் கையைக் காலை உதறி, ஏணிப் படத்து ஆள் மாதிரியே மணலில் சரிந்து விழுவார். விழுந்த வேகத்தில் எழுந்து சலாம் வைப்பார். அதுதான் எங்களுக்கு மணியடிக்கிற மாதிரி. அவர் விழுந்தால் படம் தொடங்கப்போகிறது. ஒருமுறையும் அவருக்கு அடிபட்டதில்லை. பூனை மாதிரி விழுவார்.

ஒருநாள் கூட்டம் சேருமுன் இயந்திரத்தைச் சோதித்துக்கொண்டிருந்தார். சூடான தூசி வாசனையும், அறுந்த பிலிமை ஒட்டுகிற பசையின் பேரிக்காய் வாசனையும் எனக்கு இன்றும் வரும். அதில் ஒரு சின்ன விசை இருந்தது. அதைத் தட்டினால் படம் மெதுவாக ஓடும். அந்தக் காலத்து கேமராவின் வேகம் அதுதானாம். நாங்கள் பார்த்ததெல்லாம் வேகத்தைக் கூட்டி ஓட்டியதுதான். ஏணிப் படத்தின் கடைசிப் பகுதியை எனக்கு மட்டும் மெதுவாக ஓட்டிக் காட்டினார். ஏணியிலிருந்து அந்த மனிதன் வந்துகொண்டே இருந்தான். தோள் முதலில் தரையில் பட்டது. முகம் கோணிற்று. வலிக்கிறது என்று தெரிந்தது. பிறகு அவன் தலையைத் தூக்கி நேராக எங்களைப் பார்த்தான். அதற்கப்புறம்தான் முகத்தைச் சரிசெய்துகொண்டான்.

"அய்யோ, நெஜமாவே அடி பட்டிருக்கு," என்றேன்.

"மெதுவா ஓட்னா சிரிப்பு வராது பாப்பா. அதான் எவனும் மெதுவா ஓட்றதில்ல." விசையைத் தட்டி வேகத்துக்குக் கொண்டுவந்தார். "பாத்தியா? வுழுந்தவன் மொதல்ல ஜனத்தப் பாக்கறான். அப்பறந்தான் முட்டியப் பாப்பான். தொழிலு தெரிஞ்சவன்."

மூன்றாவது வாரமே அவர் அப்பாவிடம் சொன்னார். நான் பக்கத்தில்தான் இருந்தேன்.

"சார், ஏணில மேல ரெண்டாவது படி ஆடிக்கினு கீது. வேற பாருங்க சார்."

அப்பா கணக்கு நோட்டிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "புகார்னா எழுத்துல குடுப்பா. வாய்ல சொன்னா நான் எதை வெச்சு நடவடிக்கை எடுக்கறது?"

"எழுதறதுன்னா..." ஆபரேட்டர் தலையைச் சொறிந்தார். "வுடுங்க, நானே கயிறு போட்டுக்கிறேன்."

தென்னங்கயிற்றால் அந்தப் படியை இறுக்கிக் கட்டினார். வலைக்காரர் போடுகிற முடிச்சு. நான்காம் வாரம் அது தாங்கிற்று.

ஐந்தாம் சனிக்கிழமை காலையில் மழை பெய்திருந்தது. மாலையில் வெறித்துவிட்டது. கூட்டம் வழக்கத்தைவிட அதிகம். அசோக் நகர் பக்கமிருந்துகூடச் சிலர் பாய் கொண்டுவந்திருந்தார்கள். நான் முக்காலியில் உட்கார்ந்திருந்தேன். ஆபரேட்டர் ஏணியில் ஏறி, உச்சியில் நின்று, வேட்டியின் இரண்டாம் நுனியைக் கட்டிக்கொண்டிருந்தார். நனைந்த கயிறு நெகிழ்ந்துவிட்டது என்று பிறகு யோசித்தால் தெரிகிறது. அன்று எனக்குக் கேட்டது மூங்கில் முறிகிற ஒரு சத்தம். அப்புறம் அவர் வந்துகொண்டிருந்தார். மூன்றாம் படியிலிருந்து இல்லை. உச்சியிலிருந்து. வேட்டியையும் இழுத்துக்கொண்டு வந்தார். இடுப்பு முதலில் தரையில் பட்டது, நான் உட்கார்ந்திருந்த முக்காலிக்கு நாலடி தள்ளி.

மைதானம் அதிர்ந்தது. அப்படி ஒரு சிரிப்பை நான் அதற்கு முன்பும் கேட்டதில்லை, பின்பும் கேட்டதில்லை. யாரோ விசிலடித்தார்கள். "மறுநாள்!" என்று ஒருவன் கத்தினான். அதற்கும் சிரித்தார்கள்.

அவர் எழுந்திருக்கவில்லை. வானத்தைப் பார்த்தபடி கிடந்தார். ஐந்து எண்ணும் நேரம் இருக்கும். அந்த ஐந்து எண்ணுகிற நேரத்தைத்தான் அறுபது வருடமாக மெதுவாக ஓட்டிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன். பிறகு தலையைத் திருப்பி எங்களைப் பார்த்தார். எல்லோரும் சிரிப்பதைப் பார்த்தார். படுத்தவாக்கிலேயே கையைத் தூக்கிச் சலாம் வைத்தார்.

அன்று ஒரு வாளியைக் கவிழ்த்துப்போட்டு அதன்மேல் உட்கார்ந்தே படம் ஓட்டினார். சட்டை முழுக்க வேர்வை. நான் எழுத்தைப் படித்தேன், கூட்டம் கத்திற்று, ஏணிப் படத்தை இரண்டு தடவை போடச் சொன்னார்கள், போட்டார். முடிந்தபின், "பாப்பா, கொஞ்சம் தண்ணி குடு," என்று மட்டும் கேட்டார். அவரை ரிக்‌ஷாக்காரர் தூக்கித்தான் ஏற்றினார். புரொஜெக்டரை மடியில் வைக்கப் போனபோது "வாணாம், கீழ வையி," என்றார். எனக்கு அது மட்டும் கொஞ்சம் வித்தியாசமாகப் பட்டது.

திங்கட்கிழமை அவர் வேலைக்குப் போகவில்லை, இடுப்பெலும்பில் விரிசல். பணியின்போது அடிபட்டது, மருத்துவ விடுப்பு வேண்டும் என்று யாரையோ பிடித்து எழுதவைத்துத் துறைக்கு அனுப்பினார். துறை எங்கள் சங்கச் செயலாளரிடம் அறிக்கை கேட்டது.

அப்பா பொய் எழுதவில்லை. அவர் பொய்யே எழுதமாட்டார். உண்மைகளை எந்த வரிசையில் எழுதுவது என்று அவருக்குத் தெரியும். ஆபரேட்டர் ஒவ்வொரு வாரமும் ஏணியில் வேடிக்கை செய்வது வழக்கம். சம்பவத்தன்றும் பொதுமக்கள் சிரித்தனர். சம்பவத்துக்குப் பின் அவர் சலாம் வைத்தார். ஒரு மணி நேரம் படமும் ஓட்டினார். ஏணி குறித்து எழுத்துமூலமான புகார் எதுவும் சங்கத்துக்கு வரவில்லை. ஒவ்வொரு வரியும் உண்மை. நான் பிற்காலத்தில் அதே மாதிரி எத்தனையோ அறிக்கைகள் எழுதினேன். நன்றாக எழுதுகிறாய் என்று பாராட்டினார்கள்.

ஏணியும் இல்லாமல் போயிற்று. பயனற்ற பொருளைக் கழிக்க ஒரு முறை உண்டு. அப்பா அந்த முறைப்படி கழித்து, வெட்டி, எங்கள் வீட்டு வெந்நீர் அடுப்புக்குக் கொடுத்தார். நாலு நாள் அந்த ஏணியில் காய்ந்த வெந்நீரில் குளித்தேன். மூங்கில் கணு வெடிக்கும்போதெல்லாம் அம்மா அடுப்பைப் பார்ப்பாள், பிறகு அப்பாவைப் பார்ப்பாள்.

"அந்த மனுஷன் நெஜமாத்தாங்க விழுந்தார்," என்றாள் ஒருநாள்.

"நீ எங்கேருந்து பாத்தே?"

"கடைசி வரிசையில."

"அப்ப நீ சாட்சி இல்ல."

சாட்சி நான்தான். நாலடி தூரத்தில் இருந்தவள். விசாரணை அதிகாரி ஒரு சனிக்கிழமை வருகிறார் என்று அப்பா அம்மாவிடம் சொன்னது என் காதில் விழுந்தது. "ஆபரேட்டரோட வேலை விஷயமா முடிவு பண்ணப் போறாங்க. இவளையும் கேப்பாங்க." என்னிடம் திரும்பி, "கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லு. கேக்காததைச் சொல்லாதே," என்றார்.

வேலை விஷயமாக முடிவு! எனக்குப் புரிந்துவிட்டது. பர்மனென்ட். மார்க் போடுகிற ஆள் வந்துவிட்டார். அன்று காலையில் நானே இரட்டைப் பின்னல் போட்டுக்கொண்டு, நல்ல பாவாடையை எடுத்துக் கட்டிக்கொண்டு தயாராக நின்றேன். ஆபரேட்டருக்காக நான் செய்யக்கூடியது ஒன்று இருந்தது, அதைச் சரியாகச் செய்துவிட வேண்டும் என்று இருந்தது.

அதிகாரி வழுக்கைத் தலை, நல்லவர். அம்மா கொடுத்த உப்புமாவை முழுவதும் சாப்பிட்டார். என் பெயர், வகுப்பு கேட்டார். நான் எதற்காக அங்கே உட்கார்த்தப்பட்டிருக்கிறேன் என்று தெரியுமா என்று மட்டும் கேட்கவில்லை. அப்பா கதவோரத்தில் நின்றார்.

"ஆபரேட்டர் இதுக்கு முன்னாடி ஏணிலேருந்து விழுந்திருக்காராம்மா?"

"விழுந்திருக்கார் சார். வாராவாரம் விழுவார்."

"கால் தவறியா, வேணும்னேயா?"

"வேணும்னேதான் சார்! தவறியெல்லாம் விழமாட்டார். அவருக்கு நல்லா வரும்."

அவர் எழுதினார். நான் அவர் பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தேன். பேனா வேகமாக ஓடிற்று; மார்க் நிறைய விழுகிறது என்று நினைத்தேன்.

"கடைசியா அன்னிக்கு விழுந்தாரே, அதுவும் அதே மாதிரிதானா?"

அப்போது எனக்கு அந்த மூங்கில் சத்தம் ஞாபகம் வந்தது. வானத்தைப் பார்த்துக்கொண்டு கிடந்ததும் ஞாபகம் வந்தது. கயிறு கட்டியது, "எழுத்துல குடு" என்றது, எல்லாம் நாக்கு நுனிவரைக்கும் வந்தன. ஆனால் அவற்றையெல்லாம் அவர் கேட்கவில்லை. அதோடு, அதைச் சொன்னால் ஆபரேட்டருக்கு விழத் தெரியவில்லை என்று ஆகிவிடுமே! மார்க் குறைந்துவிடுமே!

"இல்ல சார்," என்றேன். "அன்னிக்கு இன்னும் நல்லா விழுந்தார். அந்த மாதிரி ஒரு நாளும் விழுந்ததில்ல. எல்லாரும் அவ்ளோ சிரிச்சாங்க."

அதிகாரி புன்னகை செய்தார். எழுதியதை எனக்குப் படித்துக் காட்டினார். சொன்னது சொன்னபடி இருந்தது. என் பெயரை அழகாக எழுதி ஒப்பமிட்டேன். காப்பாளர் என்ற இடத்தில் அப்பா ஒப்பமிட்டார்.

பள்ளிக்கூடம் திறந்த வாரம் புது ஆபரேட்டர் ஒருவர் வந்தார். உரப் படம் மட்டும் கொண்டுவந்தார். பழையவர் எங்கே என்று கேட்டேன்.

"அவரா? நிறுத்திட்டாங்கம்மா. வேலை நேரத்துல ஏணி மேல வெளையாடி, தானே வுழுந்துட்டு, அடிபட்டுச்சுன்னு லீவு கேட்டாராம். பக்கத்துல குந்திக்கினு இருந்தவங்களே வேணும்னுதான் வுழுந்தார்னு சொல்லிட்டாங்களாம். அப்பறம் இன்னா பேச்சு?"

பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர்கள் என்பது ஒரே ஒரு ஆள். முக்காலியில் ஒருவர்தான் உட்கார முடியும்.

சில நாள் கழித்து அவர் மனைவி எங்கள் வாசலுக்கு வந்தார். மீன் கூடையை இறக்கி வைத்தார். உள்ளே மீன் இல்லை, விற்று முடித்திருந்தார். அப்பா வெளியே போனார். நான் ஜன்னலுக்குப் பின்னால் நின்றேன்.

"சண்டை போட வரல சார். இத்த பாப்பாவாண்ட குடுக்கச் சொல்லிச்சு அந்தாளு." வட்டமான தகர டப்பா ஒன்று. "உள்ள ஒரு துண்டு கீது. அறுந்து போனதாம், ஆபீசுக்கு வாணாமாம்."

"அவர் எப்படி இருக்கார்?" என்று கேட்டது அம்மா. அப்பா இல்லை.

"கீறாரு. கட்டுமரத்துல ஏற முடியாது, ரிக்‌ஷா மிதிக்க முடியாது. குந்திக்கினே இன்னா வேல கீதுன்னு பாத்துக்கினு கீறோம்." பிறகு வீட்டுக்குள் எட்டிப் பார்த்தார். "பாப்பா இல்லீங்களா?"

அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தாள். நான் தலையை ஆட்டினேன். "ஸ்கூலுக்குப் போயிருக்கா," என்றாள் அம்மா. அன்று ஞாயிற்றுக்கிழமை. அந்த அம்மாவுக்கும் அது தெரியும். கூடையைத் தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு போய்விட்டார்.

டப்பாவில் ஏணிப் படத்தின் துண்டு இருந்தது. பதினோரு கட்டம். வெளிச்சத்தில் பிடித்தால், ஒவ்வொன்றிலும் ஏணிக்கும் தரைக்கும் நடுவில் அந்த மனிதன். அரசுச் சொத்து, திருப்பி அனுப்ப வேண்டும் என்றார் அப்பா. அம்மா அந்த வருடம் தீபாவளிக்கு அதில் முறுக்கு போட்டு வைத்தாள். பேச்சு அதோடு முடிந்தது. துண்டை நான் பாடப் புத்தகத்துக்குள் வைத்திருந்தேன். அசோக் நகர் வீட்டுக்கு மாறியபோது புத்தகம் போயிற்று, டப்பாவும் போயிற்று. இருந்திருந்தால் இதனுடன் இணைப்பாக வைத்திருப்பேன்.

நான் பணியில் சேர்ந்து இந்த விதியை முதன்முதலாகப் படித்த அன்று அப்பாவிடம் கொண்டுபோய்க் காட்டினேன். கண்ணாடியை மாட்டிக்கொண்டு இரண்டு தடவை படித்தார். "நீ கேட்டதுக்குப் பதில் சொன்னே. பொய் சொல்லலையே," என்றார். கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "நானும் சொல்லல," என்றார். கடைசிக் காலத்தில் அவர் அடிக்கடி விழுவார். ஒவ்வொரு முறையும் நான் ஓடிப்போய்த் தூக்கும்போது, முட்டியைப் பார்க்காமல் முதலில் என் முகத்தைத்தான் பார்ப்பார்.

ஆபரேட்டரைத் தேடினேன். வேலை கிடைத்த பிறகு தேடினேன் என்பதைச் சொல்லிவிடுகிறேன். அதற்கு முன்னால் தைரியமில்லை. குப்பத்தில் கேட்டபோது, அவர் காலமாகி வருடங்கள் ஆயிற்று, குடும்பம் எங்கோ போய்விட்டது என்றார்கள். மிச்சமிருந்தது கோப்பு மட்டும். ஓய்வு பெற்றுப் பல வருடம் கழித்து, தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி அந்தத் துறைக்கு விண்ணப்பம் போட்டேன். எனக்கு வேண்டியது அவருடைய கோப்பு அல்ல. அதைக் கேட்டால் மூன்றாம் நபர் விவரம் என்று மறுப்பார்கள். ஆகவே, நான் பத்து வயதில் கொடுத்த என் சொந்த வாக்குமூலத்தின் நகல் வேண்டும் என்று கேட்டேன். அது கிடைத்தால், கேட்க வேண்டிய முதல் கேள்வி கேட்கப்படவில்லை என்று காட்டி, அந்த விசாரணை செல்லாது என்று ஒரு வரி எழுதி வாங்கிவிடலாம். யாருக்காக என்று கேட்காதீர்கள். கோப்பில் இருக்க வேண்டிய வரி கோப்பில் இருக்க வேண்டும்.

முப்பது நாளில் பதில் வர வேண்டும் என்பது சட்டம். 'கோப்பு கண்டறிய இயலவில்லை' என்று வர ஆறு மாதமாயிற்று. மேல்முறையீடு செய்தேன். தேடி வருவதாகச் சொன்னார்கள். அலுவலகம் இடம் மாறிவிட்டது என்றார்கள். மழையில் நனைந்துவிட்டது என்றார்கள். நானும் அந்தப் பக்கம் உட்கார்ந்து இதையெல்லாம் எழுதியவள்தான். ஒவ்வொரு பதிலையும் அது வருமுன்பே என்னால் சொல்ல முடிந்தது. பழைய கோப்புகளைப் பத்தாண்டில் அழித்துவிட வேண்டும் என்று விதி. அழிக்க மறந்த அந்தக் கடமை தவறிய ஊழியர் யாரோ, அவருக்கு என் வணக்கம்.

கடைசியில் ஒரு பழுப்பு உறை வந்தது. உள்ளே ஒரே தாள், இரண்டு பக்கமும் நகல் எடுத்தது. முன்பக்கம் என் வாக்குமூலம். குண்டு குண்டாக என் கையொப்பம், பக்கத்தில் அப்பாவுடையது. பின்பக்கம் நான் கேட்காதது. ஒரே தாளின் இரு முகம் என்பதால் யாரோ யோசிக்காமல் நகலெடுத்துவிட்டார்கள். சாட்சி சொன்னதைக் குற்றம் சாட்டப்பட்டவருக்குப் படித்துக் காட்டி, அந்தத் தாளிலேயே அவர் பதிலை வாங்குவது அக்கால வழக்கம். அச்சடித்த கேள்வி இரண்டு. 'மேற்படி சாட்சியை மறுக்கிறீரா? சாட்சியைத் திரும்ப அழைத்து விசாரிக்க விரும்புகிறீரா?'

கீழே பென்சிலில், கோணல் மாணலாக, ஒவ்வொரு எழுத்தையும் தனித்தனியாக நட்டு வைத்ததுபோல் இரண்டு வரி இருந்தது. ஏணியைப் பற்றி ஒன்றுமில்லை. கயிற்றைப் பற்றியும் இல்லை. எழுத்தில் கேட்டால் அவர் எழுதித் தரக்கூடியவர்தான் என்பது மட்டும் எனக்குத் தெரிந்தது.

எழுத்து வந்தால் படித்துச் சொல்வது என் வேலை. வீட்டில் யாரும் இல்லை, சத்தமாகத்தான் படித்தேன்.

'வேண்டாம் சார். சின்னப் பொண்ணு. பாப்பா சொன்னது சரி. அன்னிக்கு நல்லாத்தான் விழுந்தேன்.'

கீழே கையொப்பம் இருந்தது, தேதி இல்லை. தேதியில்லாத கையொப்பத்தை நான் பணியில் ஒருநாளும் ஏற்றதில்லை. இதை ஏற்றுக்கொண்டேன். கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு, முறைப்படி உறையின் மூலையில் எழுதினேன்: பெறப்பட்டது, செப்டம்பர் 9, செவ்வாய்க்கிழமை.